இறைப்பெயர்களும் ஒலியொப்புமை மயக்கமும்

சிங்கப்பூரில் சைனாடவுன் என வழங்கும் பகுதியைச் சீனருக்கே உரியது எனப் புதியவர் எண்ணுவர். ஆயினும், அதன் ஊடே செல்லும் சௌத் பிரிட்ஜ் சாலையில் தமிழர் எழுப்பிய இரண்டு வழிபாட்டிடங்கள் அருகருகே நிற்கின்றன. ஒன்று, 1827-இல் நாராயண பிள்ளை தோற்றுவித்த மாரியம்மன் கோயில். மற்றொன்று, 1826-இல் சூலியா முஸ்லிம்கள் நிறுவிய ஜாமிஆ பள்ளிவாசல். அண்மையிலுள்ள தெலோக் ஆயர் தெருவில் 1828-க்கும் 1830-க்கும் இடையே எழுந்த நாகூர் தர்காவும், கூரைக் குடிசையாகத் தொடங்கியமையால் குச்சுப் பள்ளி என்று பெயர் பெற்ற அல்-அப்ரார் பள்ளிவாசலும் உள்ளன. அதே தெருவில் சீன மெதடிஸ்டுகளின் திருச்சபையும் இருக்கிறது. வடக்கே படகுத்துறையை ஒட்டிச் சினகாக் தெரு என்று ஒரு தெரு உண்டு. 1841-இல் யூதர் தம் முதல் தொழுகைக்கூடத்தை அங்கே அமைத்தனர். கூடம் 1878-இல் வாட்டர்லூ தெருவுக்குப் பெயர்ந்துவிட்டது. தெருப்பெயர் மட்டும் நிலைத்துவிட்டது.

ஒரு மணி நேரத்தில் நடந்து முடிக்கத்தக்க இச்சிறு வட்டத்துக்குள் அதோனாய், அல்லாஹ், சாங்தி, ஆண்டவன், இறைவன் எனப் பல பெயர்கள் வழங்கின. பல இன்றும் வழங்குகின்றன. இவற்றுள் முதல் இரண்டும் செமித்திய மொழிகளுக்கு உரியவை. எபிரேயம், அரமேயம், அரபு, பண்டை அக்காடியம், எத்தியோப்பியாவின் கீயெசு முதலியவற்றை உள்ளடக்கிய இக்குடும்பத்துக்கு, நோவாவின் மகன் சேமின் பெயரைத் தழுவிச் செமித்தியம் என்று 1781-இல் செர்மானிய அறிஞர் சிலோட்சர் பெயரிட்டார். தமிழ் வகுப்பில் அமரும் மாணவருள் இசுமாயிலும் தானியேலும் அப்துல்லாவும் இருக்கக் காண்கிறோம். அவர்தம் பெயர்களின் பொருளை உசாவும்போது ஆசிரியர் கூறும் விடை உண்மையானதாக இருத்தல் வேண்டும். அவ்விடையில் நெடுங்காலமாக ஒரு மயக்கம் புகுந்திருக்கிறது. அதனைக் களைவது தமிழுக்கும் நன்று. அப்பெயர்களை உடையோருக்கும் நன்று.

எல்லும் எல்லும்

எபிரேயத்தில் இறைவனைக் குறிக்கும் பழஞ்சொல் 'ஏல்' என்பது. அதனை 'எல்' என்று குறுக்கி, தமிழில் எல் என்றால் ஒளி, ஞாயிறு, பகல் எனப் பொருள்படும் ஆதலின், எபிரேயர் தம் இறைவன் பெயரைத் தமிழிலிருந்தே பெற்றனர் என்று மேடையிலும் ஏட்டிலும் கூறுவோர் உளர். யெகோவா என்னும் பெயரில் 'கோ' என்னும் தமிழ்ச்சொல் இருக்கிறது என்பாரும் உளர். தமிழ்ப்பற்றில் பிறந்த கூற்றுகள் இவை. பற்றினைக் குறை கூறுதல் வேண்டா. சான்றினை மட்டும் ஆராய்தல் வேண்டும்.

எல் என்னும் சொல்லுக்கு விளக்கம் என்னும் பொருளைத் தொல்காப்பியச் சொல்லதிகாரமே தருகிறது. அதில் ஐயமில்லை. ஆனால் எபிரேய 'ஏல்' என்பதன் முன்னை வடிவம் எது? அக்காடிய மொழியில் இறைவன் 'இலு'. சிரியாவின் கடற்கரையில் ராசு சம்ரா என்னுமிடத்தில் 1929 முதல் அகழ்ந்தெடுக்கப்பட்ட உகரித்து நகரக் களிமண் ஏடுகளில் 'இல்'. இவ்வேடுகள் கி.மு. 14, 13-ஆம் நூற்றாண்டுகளைச் சார்ந்தவை. அவற்றில் 'இல்' என்பது தெய்வம் என்னும் பொதுப்பெயராகவும், தெய்வங்களுக்கெல்லாம் தலைவனாகிய ஒருவனின் சிறப்புப்பெயராகவும் வழங்குகிறது. அரபில் 'இலாஹ்'. ஆகவே மூல உயிர் இகரமே. எபிரேயத்தில் அது பிற்காலத்தில் ஏகாரமாயிற்று. ஒலியை மட்டும் நம்புவோர் இனி எல்லை விட்டு இல்லுக்குச் செல்ல வேண்டும். தமிழில் இல் என்றால் வீடு, இன்மையும் ஆம். இறைவன் பெயரை 'இல்லை' என்பதிலிருந்து பிறப்பிக்க எவரும் உடன்படார். ஆயின், ஒலி பொருந்தியபோது ஏற்ற அளவுகோலை ஒலி பொருந்தாதபோது எறிவது எங்ஙனம் ஆராய்ச்சியாகும்?

யெகோவாவின் 'கோ' இன்னும் வியப்புக்குரியது. எபிரேயத்தில் அவ்விடத்தில் நிற்கும் மெய் ககரம் அன்று, மூச்சொலியாகிய ஹகரம். அதனைத் தமிழில் எழுதப் புகுந்தோர் ககரத்தால் குறித்தனர். ஆகவே அந்த மெய் தமிழ் நெடுங்கணக்கு தந்தது. அதன் மேல் ஏறிய ஓகார உயிரோ, கீழே விளக்கப்படுவதுபோல், வேறொரு சொல்லிலிருந்து இரவல் வாங்கியது. மெய் ஓரிடத்தது, உயிர் ஓரிடத்தது. இரண்டும் கூடியதைக் 'கோ' என்று கொண்டாடுவது, நம் எழுத்தில் நம் முகத்தையே கண்டு பிறர் முகம் என்று மகிழ்வதாகும்.

ஆலெப்பும் அயினும்

செமித்தியச் சொற்களின் உயிர்நாடி மெய்களில் இருக்கிறது. பெரும்பாலும் மூன்று மெய்கள் சேர்ந்து ஒரு வேர். உயிர்கள் மாறி மாறி வந்து பெயரும் வினையும் ஆக்கும். அம்மெய்களுள் இரண்டு தமிழுக்குப் புதியவை. ஒன்று, குரல்வளையை ஒரு கணம் அடைத்துத் திறப்பதால் பிறக்கும் ஒலி. எபிரேயர் அதனை ஆலெப் என்பர். மற்றொன்று, மிடற்றின் ஆழத்தை நெருக்கிப் பிறப்பிக்கும் ஒலி, அயின் என்பர். அரபியர்க்கும் இவ்விரண்டும் உண்டு. தமிழ் எழுத்தில் இரண்டுக்கும் குறியில்லை. இரண்டையும் விட்டுவிட்டு அடுத்துள்ள உயிரையே எழுதுகிறோம்.

இதனால் விளையும் குழப்பத்துக்கு விவிலியத்தில் வரும் 'ஏல் எலியோன்' என்னும் தொடரே சான்று. தமிழ்க் கண்ணுக்கு இரு சொற்களும் ஒரு வேரின் கிளைகளாகத் தோன்றும். உண்மையில் முன்னதன் முதல் மெய் ஆலெப். பின்னதன் முதல் மெய் அயின். எலியோன் என்பது 'மேலேறு' என்னும் வேரிற் பிறந்து 'உயர்ந்தோன்' எனப் பொருள்படும். அரபு மொழியில் அலீ என்னும் பெயர் இந்த அயின் வேரைச் சார்ந்தது. அல்லாஹ் என்பது அதைச் சார்ந்ததன்று. எழுத்திலே ஒன்றாய்க் காட்சியளிப்பவை வேரிலே வேறாய் இருக்கின்றன. ஒரு குடும்பத்து மொழிகளுக்குள்ளேயே ஒலியொப்புமை இவ்வளவு ஏமாற்றுமாயின், வேறு குடும்பத்து மொழியோடு ஒப்பிடும்போது எவ்வளவு விழிப்பு வேண்டும் என்பது சொல்லாமலே விளங்கும்.

தமிழ்ச்சொல் எபிரேயத்திற் புகுந்ததே இல்லையோ எனின், அவ்வாறும் கூறுதற்கில்லை. சாலமோன் மன்னனின் கப்பல்கள் கொணர்ந்த பொருள்களுள் 'துகி' என்று ஒன்று அரசர் நூலிற் குறிக்கப்படுகிறது. அது மயில் என்றும், தமிழ்த் தோகை என்னும் சொல்லே அவ்வாறு திரிந்தது என்றும் அறிஞர் பலர் ஏற்பர். அங்கே பொருள் இருக்கிறது. அதனை ஏற்றிச் சென்ற கப்பல் இருக்கிறது. வாங்கியவன் பெயரும் இருக்கிறது. கடன்சொல்லுக்கு வழித்தடம் வேண்டும். எல்லுக்கு அத்தகைய தடம் காட்டினார் இலர்.

இம்மயக்கம் தமிழர்க்கு மட்டும் உரியதன்று என்பதையும் கூறுதல் நடுநிலையாகும். பாபிலோன் நகரின் பெயரை அதன் மக்களே 'பாப் இலி', அதாவது தெய்வத்தின் வாயில், என்று பிரித்துப் பொருள் கண்டனர். எபிரேயர் அதே பெயரைக் குழப்பம் என்னும் பொருளுடைய வேறொரு வினையோடு இணைத்துப் பாபேல் கோபுரக் கதையில் விளக்கினர். இரண்டுக்கும் முற்பட்ட, செமித்தியம் அல்லாத ஓர் ஊர்ப்பெயரே அதற்கு மூலம் எனப் பலர் கருதுவர். ஆக, போற்றுவோரும் தூற்றுவோரும் தத்தம் செவிக்கு இசைந்தபடி ஒரே பெயரைப் பிரித்தனர்.

பன்மைப் பெயரும் ஒருமை வினையும்

ஒலியை விட்டு இலக்கணத்தை நோக்கினால், தமிழாசிரியர்க்கு உண்மையான விருந்து கிடைக்கிறது. விவிலியத்தின் முதல் தொடரிலேயே இறைவனைக் குறிக்கும் சொல் 'எலோகீம்' என்பது. இதன் ஈறு பன்மை ஈறு. அயலார் தெய்வங்களைச் சுட்டும்போது அது பன்மையாகவே பொருள்படும். ஒரே இறைவனைச் சுட்டும்போதோ, பெயர் பன்மையில் நிற்க, வினை ஒருமையில் வருகிறது. பெருமை குறித்து வந்த பன்மை என்று அதனை விளக்குவர்.

தமிழில் இதன் மறுதலையைக் காண்கிறோம். 'கடவுள் அருளினார்' என்னும்போது பெயர் ஒருமை, வினை பலர்பால். ஒருவரைப் பன்மையால் கூறுவது வழக்கில் வரும் உயர்சொல்லே, இலக்கண நெறியன்று என்று தொல்காப்பியர் கிளவியாக்கத்தில் வரையறுத்தார். ஆயினும் வழக்கு வென்றது. எபிரேயர் பெயரிலே உயர்வைக் காட்டி வினையிலே ஒருமையைக் காத்தனர். தமிழர் பெயரை ஒருமையில் நிறுத்தி வினையிலே உயர்வைக் காட்டினர். சொல் கடன்படாமலே மனம் ஒத்தமைக்கு இது நல்ல எடுத்துக்காட்டு.

வழிபாட்டில் முன்னிலைப்படுத்தும் முறையும் இங்கே நோக்கத்தக்கது. எபிரேயரும் அரபியரும் இறைவனை ஒருமை முன்னிலையால் விளிப்பர். தமிழ் முஸ்லிம்கள் அவ்வொருமையைக் காத்து 'நீ' என்கின்றனர். தமிழ்க் கிறித்தவர் உயர்வு கருதி 'நீர்' என்கின்றனர். ஒருவர் இறைவனின் ஒருமைக்கு முதன்மை தந்தனர். மற்றவர் பணிவுக்கு முதன்மை தந்தனர். இரண்டும் பிழையல்ல.

நான்கு மெய்யெழுத்துப் பெயர்

எபிரேயரின் இறைப்பெயர்களுள் தலையாயது நான்கு மெய்களால் ஆயது. இசுரயேலரின் நூல்களுக்கு வெளியே அது தெளிவாகக் காணப்படுவது 1868-இல் கண்டெடுக்கப்பட்ட மோவாபு மன்னன் மேசாவின் கல்வெட்டில், அது கி.மு. 9-ஆம் நூற்றாண்டினது. யாவே என்று அப்பெயர் ஒலிக்கப்பட்டிருக்கலாம் என்பது இக்கால அறிஞர் கருத்து. யூதர் பிற்காலத்தில் அதன் புனிதம் கருதி அதனை வாயாற் சொல்லுவதை விட்டனர்; எழுத்தில் அப்பெயர் வரும் இடந்தோறும் 'என் ஆண்டவர்' என்னும் பொருளுடைய 'அதோனாய்' என்று படித்தனர். உயிர்க்குறி இட்ட ஏட்டாசிரியர்கள், இவ்வாறு படிக்க வேண்டும் என நினைவூட்டும் பொருட்டு, அந்நான்கு மெய்களின் மேல் அதோனாயின் உயிர்களை இட்டனர். இவ்வழக்கை அறியாத ஐரோப்பியர் இரண்டையும் கூட்டிப் படித்தமையால் பிறந்த வடிவமே யெகோவா. அதிலுள்ள ஓகாரம் அதோனாயின் ஓகாரம்.

அப்பெயரின் பொருள் யாது? யாத்திராகமத்தின் 3-ஆம் அதிகாரம் அதனை 'இரு' என்னும் வினையோடு இணைக்கிறது. மோசேக்கு இறைவன் தந்த விடையில் வரும் வினை எபிரேயத்தின் முற்றுப்பெறாச் செயலைக் காட்டும் வடிவம். இருக்கிறேன் என்றும், இருப்பேன் என்றும் அதனைக் கொள்ளலாம். ஆங்கிலத்தார் இரண்டில் ஒன்றைத் தெரிந்தெடுத்தே தீர வேண்டும். தமிழருக்கு ஒரு வாய்ப்பு உண்டு. ஞாயிறு கிழக்கே உதிக்கும், தாய் பிள்ளையைக் காப்பாள் என்னும்போது, எதிர்கால வடிவமே என்றும் நிகழும் இயல்பையும் உணர்த்துகிறது. இருப்பேன் என்னும் ஒரு சொல் இனி இருத்தலையும் எப்போதும் இருத்தலையும் ஒருங்கே தாங்க வல்லது. தமிழ் மொழிபெயர்ப்பாளர் நிகழ்கால வடிவத்தையே தெரிந்தனர். நிலைபேற்றை அவ்வடிவம் காட்டும். உடன் வந்து துணை நிற்கும் வாக்குறுதியை அத்துணைத் தெளிவாகக் காட்டாது. தம் மொழியில் கைவசம் இருந்த கருவியை அவர்கள் பயன்படுத்தவில்லை என்பது குறையே.

ஆள்பவனும் உடையவனும்

பெயர்கள் பல வேர்களிற் பிறந்தாலும் அவற்றின் பொருள்வழி ஒன்றாயிருத்தல் காணலாம். அதோன் என்றால் தலைவன். அரபு 'ரப்பு' என்றால் வளர்த்துக் காக்கும் தலைவன். 'மலிக்' என்றால் அரசன். விவிலியத்தில் பழித்துரைக்கப்படும் பாகாலின் பெயரும் இயல்பில் பழிச்சொல் அன்று. உடையவன் என்பதே அதன் பொருள். எத்தியோப்பியரின் கீயெசு மொழியில் இறைவன் 'எக்சியாபெகேர்'. நாட்டின் தலைவன் என்று அது விரியும். தமிழிலோ ஆண்டவன், இறைவன், உடையான், நாயன். அரசன் இருக்கையும் கோயில், இறைவன் இருக்கையும் கோயில். எபிரேயத்தில் அரண்மனைக்கும் ஆலயத்துக்கும் 'எய்கால்' என்று ஒரே சொல். சுமேரியரின் பேரில்லம் என்னும் தொடரிலிருந்து அக்காடியத்தின் வழியே வந்த சொல் அது. ஆட்சியையும் உடைமையையும் காவலையும் கண்ட மாந்தர், அவற்றை அளவிறந்த நிலைக்கு உயர்த்தி இறைவனுக்குப் பெயரிட்டனர். இவ்வொப்புமைக்குச் சொற்கடன் வேண்டியதில்லை. ஒத்த வாழ்வே போதும்.

தமிழில் வந்த வரலாறு

இப்பெயர்களைத் தமிழிற் கொணர்ந்தோர் செய்த தேர்வுகளை இனி மதிப்பிடலாம். 1578-இல் கொல்லத்தில் அச்சான ஹென்றிக்கே ஹென்றிக்கசு அடிகளின் நூலுக்குத் தம்பிரான் வணக்கம் என்று பெயர். தம்பிரான் என்னும் சொல் அன்று தலைவனையும் தெய்வத்தையும் குறித்தது. இன்று அது சைவ மடத்துத் துறவியரின் பட்டமாகவே பெரிதும் வழங்குகிறது. 1606-இல் மதுரை வந்த தத்துவ போதகர் இராபர்ட்டு தெ நொபிலியின் வழியில் சர்வேசுரன் கத்தோலிக்கரிடையே வேரூன்றியது. தரங்கம்பாடி வழிவந்த பப்ரிசியுசு, 1772-இல் வெளியான புதிய ஏற்பாட்டில், பராபரன் என்றார்.

பராபரன் என்னும் சொல்லின் பயணம் தனியே எண்ணத்தக்கது. தாயுமானவர் பராபரக்கண்ணி பாடினார். குணங்குடி மசுதான் சாகிபும் பராபரக்கண்ணி பாடினார். லுத்தரன் சபையாரும் பராபரனையே தொழுதனர். ஒரு வடமொழிச் சொல் மூன்று சமயத்தாரின் நாவிலும் மூன்று வழிபாட்டுக்கும் உரியதாயிற்று. வேர் ஒன்றே, பொருளை நிறைத்தவை வழிபடுவோரின் நெஞ்சங்கள்.

1871-இல் வெளிவந்த ஐக்கியத் திருப்புதல், எலோகீமுக்குத் தேவன் என்றும், நான்கு மெய்யெழுத்துப் பெயருக்குக் கர்த்தர் என்றும் பெரும்பாலும் வரையறுத்தது. இவ்விரண்டிலும் தடைகள் எழுப்பலாம். தேவனுக்குத் தேவி உண்டு, தேவர்கள் உண்டு. மன்னர்க்கும் அப்பட்டம் உண்டு. ஒப்பற்ற ஒருவரைக் குறிக்க, பலருள் ஒருவரைக் காட்டும் சொல் பொருந்துமோ என்பது முதல் தடை. அன் ஈற்று ஆண்பாற்பெயர் ஆர் ஈற்று வினை கொண்டு முடிவது இரண்டாம் தடை. 'அவன் சொன்னார்' என்று மாணவன் எழுதினால் சிவப்பு மையால் கோடிடும் ஆசிரியர், தேவன் சொன்னார் என்னும் வழக்கை ஏற்றுக்கொள்கிறார். கர்த்தர் என்பதன் வேர்ப்பொருள் செய்பவர் என்பது. அதோனாய் என்பதன் பொருளோ ஆண்டவர். வேரை மட்டும் அளந்தால் இது பிழை. ஆனால் மதுரை நாயக்க மன்னர் கர்த்தாக்கள் எனப்பட்ட காலத்திலேயே தமிழில் அச்சொல் ஆள்பவர் என்னும் பொருளைப் பெற்றுவிட்டது. ஆகவே வழக்கை அளந்தால் அது பொருத்தமே. வேரைக்கொண்டு மட்டும் தீர்ப்பளிப்பது தவறு என்பதற்கு இதனினும் தெளிந்த சான்று வேண்டா.

1995-இல் வெளியான திருவிவிலியம் என்னும் பொது மொழிபெயர்ப்பு கடவுள் என்றும் ஆண்டவர் என்றும் கொண்டது. கடவுள் என்னும் சொல் ஆண்பால் பெண்பால் ஈறு அற்றது. எல்லாவற்றையும் கடந்தும் உள்ளும் நிற்பது என்று பொருள் கூறவும் இடந்தருவது. ஆண்டவர் என்பது அதோனாயின் பொருளை அப்படியே ஏந்துவது. மொழியளவில் இவையே நல்ல தேர்வுகள். ஆயினும் சபையார் பலர் தேவனையும் கர்த்தரையும் இன்றும் விடவில்லை. தாத்தாவின் சாவுப்படுக்கையிலும் பேரனின் தொட்டிலருகிலும் சொல்லப்பட்ட பெயரை அகராதியின் பரிந்துரையால் மாற்ற இயலாது. அதில் பிடிவாதத்தைக் காண்பதைவிட உரிமையைக் காண்பதே நேர்மை.

ஆட்பெயர்களின் மொழிபெயர்ப்பில் கத்தோலிக்க முன்னோர் காட்டிய திறம் பாராட்டத்தக்கது. யோவான் என்னும் எபிரேயப் பெயர் 'யாவே அருள்கூர்ந்தார்' எனப் பொருள்படும். அதனை அருளப்பர் என்றனர். ஜான் தெ பிரிட்டோவை அருளானந்தர் என்றனர். ஒலியைத் தேடாமல் பொருளைத் தேடியதால் விளைந்த நற்பெயர்கள் இவை.

மொழிபெயராத பெயர்

அல்லாஹ் என்பது 'அல்' என்னும் சுட்டும் 'இலாஹ்' என்னும் பெயரும் சேர்ந்து 'அந்த ஒரே இறைவன்' எனப் பொருள்படும் என்று மொழியறிஞர் பெரும்பாலோர் கூறுவர். வேறொரு சொல்லினின்று பிறவாத தனிப்பெயரே அது என்று கொண்ட அரபு இலக்கணிகளும் உளர். எவ்வாறாயினும் அதற்குப் பன்மையும் இல்லை, பெண்பாலும் இல்லை. எனவே தமிழ் முஸ்லிம்கள் தொழுகை, நோன்பு, பள்ளி எனப் பிறவற்றையெல்லாம் நல்ல தமிழிற் கூறியும், இப்பெயரை மட்டும் மொழிபெயர்க்காமல் காத்தனர். ரப்பு என்பதை இறைவன் என்று பெயர்த்தனர். பண்புப்பெயரைப் பெயர்த்து, தனிப்பெயரைக் காத்த இம்முறை ஆழ்ந்த மொழியுணர்வு உடையது. ஹகர மெய்யில் முடியும் சொல் தமிழ் மரபுக்கு ஒவ்வாது என்று புலவர் சிலர் அல்லா என்றே செய்யுளில் ஆண்டனர். அவ்வடிவம் 'அல்லாத' என்னும் எதிர்மறைச் சொல்லின் சாயலைப் பெறுவதால், உரைநடையில் அல்லாஹ் என எழுதுவதே தெளிவு.

அப்பெயர் முஸ்லிம்களுக்கு மட்டும் உரியதோ எனின், அரபு பேசும் கிறித்தவரும் அல்லாஹ் என்றே வழிபடுகின்றனர். மால்டாத் தீவின் கத்தோலிக்கர் பேசும் செமித்திய மொழியில் இறைவன் அல்லா. 1629-இல் அச்சான மலாய் மத்தேயு நற்செய்தியிலும் அப்பெயரே உள்ளது. ஆனால் அண்டை நாடாகிய மலேசியாவில் கிறித்தவர் அதனைப் பயன்படுத்துவது பற்றிய வழக்குகள் இந்நூற்றாண்டில் நீதிமன்றங்கள் வரை சென்றன. வேர்ச்சொல் ஆராய்ச்சியால் மட்டும் தீர்க்கவியலாத வழக்கு அது. ஏனெனில் அங்கே கேள்வி சொல்லின் பிறப்பைப் பற்றியதன்று, சொல்லின் உரிமையைப் பற்றியது.

இத்தகைய சிக்கலைச் சிங்கப்பூரில் முதலில் உணர்ந்தோருள் முன்ஷி அப்துல்லா ஒருவர். நாகூரில் குடியேறித் தமிழ்ப் பெண்ணை மணந்த ஏமன் நாட்டு அரபியர் ஒருவரின் கொள்ளுப் பேரர் அவர், தமிழும் கற்றவர். பாதிரிமாருக்கு மலாய் கற்பித்தார். நற்செய்தி மொழிபெயர்ப்பிலும் உதவினார். தாம்சன் பாதிரியார் ஆண்ட தொடர்கள் சில மலாய் நடைக்கு ஒவ்வாமை பற்றி அவரோடு வாதிட்டதைத் தம் 'இக்காயத் அப்துல்லா'வில் எழுதியுள்ளார். சொற்கள் மலாய்ச் சொற்களாய் இருந்தால் போதாது, அவை கூடும் முறையும் மலாயாய் இருத்தல் வேண்டும் என்பதே அவர் வாதத்தின் சாரம். சீனரிடையேயும் இச்சிக்கல் எழாமல் இல்லை. கத்தோலிக்கர் 'தியென் சூ', அதாவது விண்ணின் தலைவர் என்றனர். சீர்திருத்தச் சபையார் 'சாங்தி' என்பதா, 'சென்' என்பதா என்று உடன்பாடு காணாமல், ஒரே விவிலியத்தை இருவகையாக அச்சிட்டனர். தெலோக் ஆயர் தெருவில் வேண்டுதல் செய்யும் சீனரும், சௌத் பிரிட்ஜ் சாலையில் தொழும் தமிழரும், தம் முன்னோர் எதிர்கொண்ட வினா ஒன்றே என்பதை அறிந்தால் வியப்பர்.

ஆசிரியர் கொள்ளத்தக்கது

மேலே கண்டவற்றால் ஒன்று உறுதிப்படும். இறைப்பெயரின் வரலாறு வேரில் தொடங்குகிறது, வேரோடு முடிவதில்லை. வேர் சொல்லின் பிறந்த ஊரைக் காட்டும். அது எந்த இலக்கணத்தில் நின்றது, எவ்வாறு விளிக்கப்பட்டது, எவரெவர் நாவில் வாழ்ந்தது என்பனவே அதன் வாழ்க்கையைக் காட்டும். திருக்குறளின் முதல் அதிகாரத்துக்குக் கடவுள் வாழ்த்து என்று பெயரிருந்தும், அதன் பத்துக் குறள்களில் கடவுள் என்னும் சொல் ஓரிடத்தும் இல்லை. அதனால் வாழ்த்துப் பொருள் குறைந்துவிட்டது என்பார் எவரும் இலர்.

ஆகவே, இசுமாயில் என்னும் மாணவனிடம், உன் பெயரிலும் தமிழ் எல்லே ஒளிந்திருக்கிறது என்று கூறுவது அவனுக்குச் செய்யும் பெருமை அன்று; அவனுடைய பெயரை அவனிடமிருந்து எடுத்துக்கொள்வதாகும். 'இறைவன் கேட்டருள்கிறான்' என்பது உன் பெயரின் பொருள் என்று கூறுவதே பெருமை. தானியேலுக்கு, 'கடவுளே என் நடுவர்' என்பதைச் சொல்லலாம். அப்துல்லாவுக்கு, அல்லாஹ்வின் அடியான் என்று விளக்கி, தமிழில் அடியார் என்னும் சொல்லுக்குள்ள உயர்வையும் உடன் காட்டலாம். தமிழின் தொன்மைக்கு அதன் சொந்தச் சான்றுகளே ஏராளமாக உள்ளன. பிறர் வீட்டு விளக்கை நம் எண்ணெயால் எரிகிறது என்று வழக்காடாமலே, நம் விளக்கின் ஒளியில் அவ்வீட்டையும் நன்கு காணலாம்.